சு. சத்தியமூர்த்தி

சு. சத்தியமூர்த்தி (ஆகஸ்ட் 19, 1887 - மார்ச் 28, 1943) தமிழகத்தைச் சேர்ந்த வழக்கறிஞரும் விடுதலைப் போராட்ட வீரரும் ஆவார். சென்னை மாநகராட்சியின் மேயராகவும், தென்னிந்தியத் திரைப்பட வர்த்தக சபையின் முதல் தலைவராகவும் இருந்தார். நாடகம், நூல், திரைப்படம் ஆகியவற்றின் மீது அரசு விதித்த கட்டுப்பாடுகளைச் சட்டமன்றத்தில் எதிர்த்தவர். கலைத்துறைக்கெனத் தனி வழக்கறிஞர்கள் உருவாகாத காலத்தில் அத்துறையின் உரிமைகளை அரசியல் அரங்கில் எடுத்துரைத்தவர்களுள் முக்கியமானவர். தீரர் சத்தியமூர்த்தி என்றும் அழைக்கப்படுகிறார்.

இளமையும் கல்வியும்

சத்தியமூர்த்தி புதுக்கோட்டை சமஸ்தானத்தைச் சேர்ந்த திருமயத்தில் பிறந்தார். வழக்கறிஞராக இருந்த இவருடைய தந்தை சுந்தர சாஸ்திரி இளவயதிலேயே காலமானதால், குடும்பப் பொறுப்பு இவர் மீது விழுந்தது. புதுக்கோட்டை மகாராஜா கல்லூரியிலும் சென்னைக் கிறித்தவக் கல்லூரியிலும் பயின்றபின் சென்னைச் சட்டக் கல்லூரியில் பட்டம் பெற்று வழக்கறிஞர் தொழிலில் ஈடுபட்டார்.

1919 இல் மாண்டேகு - செம்சுபோர்டு சீர்திருத்தங்கள் குறித்து இங்கிலாந்து நாடாளுமன்றக் கூட்டுக் குழுவிடம் சாட்சியம் அளிக்கச் சென்ற காங்கிரசுத் தூதுக்குழுவில் இடம்பெற்றார். 1923 இல் சுயராச்சியக் கட்சியின் சார்பில் சென்னை மாகாணச் சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். இதன் பின்னர் இவருடைய வாதத்திறமை நீதிமன்றத்தைவிடச் சட்டமன்றத்திலேயே மிகுதியாகப் பயன்பட்டது.

நாடகத்துறை ஈடுபாடு

பம்மல் சம்பந்த முதலியார் 1891 இல் தோற்றுவித்த சுகுண விலாச சபையில் சத்தியமூர்த்தி உறுப்பினராக இருந்தார். வழக்கறிஞர்களும் அரசு அலுவலர்களும் ஊதியம் பெறாமல் நடித்து வந்த சபை இது. சம்பந்த முதலியாரின் மனோகரா நாடகத்தில் சத்தியமூர்த்தி நடித்துள்ளார்.

அக்காலத்தில் தொழில்முறை நடிகர்கள் கூத்தாடிகள் என இழிவாகக் கருதப்பட்டனர். 1876 ஆம் ஆண்டின் நாடக நிகழ்ச்சிகள் சட்டம், அரசுக்கு எதிரானது எனக் கருதப்படும் எந்த நாடகத்தையும் தடை செய்ய அதிகாரம் அளித்தது. ஊர் ஊராகச் செல்லும் நாடகக் குழு ஒன்றுக்கு அனுமதி மறுக்கப்பட்டால், நடிகர்களும் பக்கவாத்தியக்காரர்களும் மேடைப் பணியாளர்களும் ஒருங்கே வருமானத்தை இழந்தனர். தேசியப் பாடல்களை மேடையில் பாடிய நடிகர்கள் சிறைத் தண்டனையும் பெற்றனர்.

இக்கலைஞர்களின் செல்வாக்கை உணர்ந்த சத்தியமூர்த்தி, அவர்களைக் காங்கிரசு மேடைகளுக்கு அழைத்து வந்தார். நடிகை கே. பி. சுந்தராம்பாள் இவருடைய தூண்டுதலால் 1937 தேர்தலில் காங்கிரசுக்காகப் பாடிப் பிரச்சாரம் செய்தார். சுந்தராம்பாள் பின்னாளில் சட்ட மேலவை உறுப்பினரானார்.

பாரதி பாடல்கள் மீதான தடை

1928 இல் பர்மா அரசு சுப்பிரமணிய பாரதியாரின் பாடல் நூல்களைத் தடை செய்தது. அதனைப் பின்பற்றிச் சென்னை மாகாண அரசும் நடவடிக்கை எடுத்தது. காவல்துறையினர் நூற்படிகளைக் கைப்பற்றினர்.

அவ்வாண்டு அக்டோபரில் சத்தியமூர்த்தி இதற்கு எதிராகச் சட்டமன்றத்தில் ஒத்திவைப்புத் தீர்மானம் கொண்டுவந்தார். அவையின் பிற பணிகளை நிறுத்திவிட்டு ஓர் அவசரப் பொருளை விவாதிக்கக் கோருவதே இத்தகைய தீர்மானமாகும். இது பெரும்பான்மை வாக்குகளால் நிறைவேறியது. தடை பின்னர் கைவிடப்பட்டது.

தடை நீங்கியபோதும் இப்பாடல்களின் பதிப்புரிமை தனியாரிடமே இருந்தது. அவற்றை இசைத்தட்டில் பதிவு செய்யும் உரிமையும் தனியே விற்கப்பட்டது. சத்தியமூர்த்தி இறந்தபின், 1949 இல் ஓமந்தூர் இராமசாமி ரெட்டியாரின் அரசு பாரதி படைப்புகளின் உரிமையைப் பெற்றது. பின்னர் அவை பொதுவுடைமை ஆக்கப்பட்டன.

திரைப்படத்துறை

இந்தியத் திரைப்படத் தணிக்கை 1918 ஆம் ஆண்டின் சட்டத்தின்கீழ் நடைபெற்றது. 1927-28 இல் இத்துறையை ஆராய அமைக்கப்பட்ட குழுவுக்குச் சென்னை வழக்கறிஞர் தி. ரங்காச்சாரியார் தலைமை வகித்தார். ஆயினும் காந்தி உள்ளிட்ட காங்கிரசுத் தலைவர்கள் பலர் திரைப்படத்தை மதிக்கவில்லை. சத்தியமூர்த்தியோ அதனைத் தொழிலாகவும் மக்களைச் சென்றடையும் கருவியாகவும் கண்டார்.

1930களின் இறுதியில் தோன்றிய தென்னிந்தியத் திரைப்பட வர்த்தக சபைக்கு முதல் தலைவரானார். தயாரிப்பாளர்களும் திரையரங்கு உரிமையாளர்களும் அரசுடன் ஒரே குரலில் பேச இவ்வமைப்பு வழிசெய்தது. இதன் உருவாக்கத்தில் பங்குகொண்ட இயக்குநர் கே. சுப்பிரமணியமும் சட்டம் பயின்றவரே. அவருடைய தியாகபூமி (1939) திரைப்படம் காங்கிரசு அமைச்சரவை ஆட்சியில் வெளியானது. அமைச்சரவை பதவி விலகிய பின்னர் அது தடை செய்யப்பட்டது. சட்டம் மாறாமலே, ஆள்வோர் மாறியதால் ஒரு படம் முடக்கப்படக்கூடும் என்பதை இந்நிகழ்வு காட்டியது.

மேயர் பணி

1934 இல் நடைபெற்ற மத்திய சட்டமன்றத் தேர்தலில் ஆ. இராமசாமி முதலியாரைத் தோற்கடித்தார். 1939 இல் சென்னை மேயரானார். அப்போது நகரில் குடிநீர்த் தட்டுப்பாடு நிலவியது. வட சென்னையின் எண்ணூர் அருகே கடலில் கலக்கும் கொசத்தலை ஆற்றின் குறுக்கே, பூண்டியில் நீர்த்தேக்கம் கட்டும் திட்டத்தை இவர் முன்னின்று நிறைவேற்ற முயன்றார். 1940 இல் அடிக்கல் நாட்டப்பட்டது. 1944 இல் பணி முடிந்தபோது இவர் உயிருடன் இல்லை. அந்நீர்த்தேக்கம் சத்தியமூர்த்தி சாகர் எனப் பெயர் பெற்றது.

விமர்சனம்

கோயில்களுக்குப் பெண்களைப் பொட்டுக்கட்டும் வழக்கத்தை ஒழிக்க முத்துலட்சுமி ரெட்டி மேற்கொண்ட முயற்சியைச் சத்தியமூர்த்தி எதிர்த்தார். சமய மரபிலும் கலையிலும் அரசு தலையிடக்கூடாது என்பது அவர் நிலைப்பாடு. கலைஞர்களின் உரிமைக்காக வாதாடியவர், அப்பெண்களின் உரிமையைக் காணத் தவறினார் என்று விமர்சிக்கப்படுகிறார். பொட்டுக்கட்டும் வழக்கத்தை ஒழிக்கும் சட்டம் 1947 இல் சென்னை மாகாணத்தில் நிறைவேறியது.

மறைவும் நினைவும்

விடுதலைப் போராட்டத்தில் பலமுறை சிறை சென்ற சத்தியமூர்த்தி, 1942 ஆகஸ்டில் வெள்ளையனே வெளியேறு இயக்கத்தின்போது கைது செய்யப்பட்டு அமராவதி சிறைக்குக் கொண்டு செல்லப்பட்டார். உடல்நலம் குன்றி 1943 மார்ச் 28 அன்று சென்னைப் பொது மருத்துவமனையில் காலமானார்.

இவருடைய அரசியல் மாணவரான காமராசர் 1954 இல் சென்னை மாநில முதலமைச்சரானார். மகள் லட்சுமி கிருஷ்ணமூர்த்தி வாசகர் வட்டம் என்னும் பதிப்பகத்தை நடத்தினார். சென்னையிலுள்ள தமிழ்நாடு காங்கிரசுத் தலைமையகம் சத்தியமூர்த்தி பவன் எனப் பெயரிடப்பட்டுள்ளது.