சாபு (நடிகர்)

சாபு (சனவரி 27, 1924 – டிசம்பர் 2, 1963) மைசூர் சமத்தானத்தில் பிறந்து, இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் புகழ்பெற்ற திரைப்பட நடிகர் ஆவார். சாபு தஸ்தகீர் என்றும் அறியப்படுகிறார். ஆலிவுட்டில் முதன்மை வேடங்களை ஏற்று உலகப்புகழ் பெற்ற முதல் இந்தியர்களுள் ஒருவரான இவர், இந்தியத் திரையுலகில் ஒரு படத்திலேனும் நடித்ததில்லை.

இளமை

காக்கன்கோட்டைக் காடுகளை அடுத்த காராப்பூரில் ஓர் இசுலாமியக் குடும்பத்தில் பிறந்தார். தந்தை மைசூர் மகாராசாவின் யானைப்பாகன். சிறுவயதிலேயே பெற்றோரை இழந்த சாபு, அரண்மனை யானைக்கொட்டிலில் வளர்ந்தார்.

திரை வாழ்வு

ரட்யார்ட் கிப்ளிங்கின் கதையைப் படமாக்க வந்த அமெரிக்க இயக்குநர் ராபர்ட் பிளாகர்ட்டியின் குழுவினர் இவரைத் தேர்ந்தெடுத்தனர். மைசூரிலும் இங்கிலாந்தின் டென்காம் படப்பிடிப்பு நிலையத்திலும் எடுக்கப்பட்ட எலிபண்ட் பாய் 1937 இல் வெளியானது. வெனிசுத் திரைப்பட விழாவில் இதன் இயக்குநர்கள் பிளாகர்ட்டியும் சோல்டான் கோர்டாவும் சிறந்த இயக்கத்திற்கான விருது பெற்றனர்.

அடுத்து வந்த த டிரம் (1938) படத்தில், வடமேற்கு எல்லைப்புறத்தில் ஆங்கிலேயருக்கு உதவும் இளவரசனாக நடித்தார். ஏகாதிபத்தியப் பரப்புரை எனக் கருதப்பட்ட இப்படத்திற்கு பம்பாயிலும் சென்னையிலும் கடும் எதிர்ப்பு எழுந்தது. த தீஃப் ஆஃப் பாக்தாத் (1940) மூன்று ஆசுக்கார் விருதுகளை வென்றது. இதன் படப்பிடிப்பு இங்கிலாந்தில் தொடங்கிப் போரின் காரணமாக அமெரிக்காவில் நிறைவுற்றது. சாபுவும் அங்கேயே தங்கி, ஜங்கிள் புக் (1942) படத்தில் மௌக்லியாக நடித்தார்.

மேலைநாட்டுத் தயாரிப்பாளர்கள் இவரைக் கீழைத்தேய வேடங்களுக்கே பெரிதும் அழைத்தனர். அரேபியராகவும், தென்கடல் தீவினராகவும், த எண்ட் ஆஃப் த ரிவர் (1947) படத்தில் பிரேசில் பழங்குடி இளைஞராகவும் நடித்தார். பிளாக் நார்சிசசு (1947) படத்தில் ஏற்ற இளம் செனரல் வேடம் குறிப்பிடத்தக்கது.

போர்ப்பணி

1944 இல் அமெரிக்கக் குடியுரிமை பெற்றார். இந்தியர்கள் பொதுவாகக் குடியுரிமை பெற வழிசெய்த சட்டம் 1946 இலேயே இயற்றப்பட்டது. அமெரிக்க வான்படையில் சேர்ந்து, பி-24 குண்டுவீச்சு வானூர்தியில் சுடுநராகப் பசிபிக் போர்முனையில் பணியாற்றினார். வீரச்செயலுக்காக டிசுடிங்குவிசுடு பிளையிங் கிராசு என்னும் பதக்கம் பெற்றார்.

பிற்காலம்

போருக்குப்பின் இவருக்கு வாய்ப்புகள் குறைந்தன. 1948 இல் நடிகை மர்லின் கூப்பரை மணந்தார். இத்தாலியில் விட்டோரியோ டி சிக்காவுடன் ஒரு படத்தில் நடித்தார். மெகபூப் கான் தமது மதர் இந்தியா (1957) படத்தில் பிர்ஜு வேடத்திற்கு இவரைக் கருதியிருந்தார். எனினும் அது கைகூடாமல், சுனில் தத் அவ்வேடத்தை ஏற்றார். தாய்நாட்டுப் படத்தில் நடிக்கும் வாய்ப்பு மீண்டும் வரவில்லை.

மறைவு

1963 டிசம்பர் 2 அன்று கலிபோர்னியாவின் சாட்சுவர்த்தில் மாரடைப்பால் தமது 39ஆம் வயதில் காலமானார். இவர் நடித்த எ டைகர் வாக்சு 1964 இல் வெளியானது. ஆலிவுட் புகழ் நடைபாதையில் இவர் பெயர் பொறித்த விண்மீன் உள்ளது.