லே-ஆஃப் ஆனால் வருஷத்துக்கு 15 நாள் சம்பளம்: இந்தக் கணக்குக்குப் பின்னால் இருக்கும் வி.வி.கிரி யார்?

பள்ளிக்கரணை சதுப்பு நிலத்தை ஒட்டிப் போகும் ரேடியல் ரோடு. காலையில் கம்பெனி பஸ்களும் டூவீலர்களும் துரைப்பாக்கம் பக்கம் ஊர்ந்துகொண்டிருக்கும். ஐ.டி. சம்பளத்தை நம்பி ஹோம் லோன் போட்டவர்கள் இந்த ஏரியாவில் நிறைய பேர். அவர்களுக்கு பெரிய பயம், திடீரென்று வரும் ஹெச்.ஆர். மீட்டிங் அழைப்புதான்.

உள்ளே போனால், நீங்களாகவே ராஜினாமா செய்வதாக ஒரு மெயில் போடச் சொல்வார்கள். போட்டால் ரிலீவிங் லெட்டர் சிக்கல் இல்லாமல் வரும் என்பார்கள்.

அதில் கைவிட்டுப் போவது என்ன தெரியுமா? கம்பெனியே ஆட்குறைப்பு செய்தால், ஒரு வருஷமாவது வேலை பார்த்த தொழிலாளிக்கு ஒரு மாத நோட்டீஸ் அல்லது அதற்கான சம்பளம் தர வேண்டும். அதோடு, முடித்த ஒவ்வொரு வருஷத்துக்கும் 15 நாள் சராசரிச் சம்பளம். கடைசியில் ஆறு மாதத்துக்கு மேல் மிச்சம் இருந்தால் அதுவும் ஒரு வருஷமாகக் கணக்கு. அதாவது 6 வருஷம் 7 மாதம் என்றால் 105 நாள் சம்பளம். தானாக ராஜினாமா செய்தவருக்கு இது கிடையாது.

இந்த விதி 1953-ல் வந்தது. அப்போது மத்திய தொழிலாளர் அமைச்சர் வராககிரி வெங்கட கிரி. ஜி.கே. புத்தகத்தில் நான்காவது குடியரசுத் தலைவர் என்று மனப்பாடம் செய்தோமே, அவரேதான்.

அன்றைய சென்னை மாகாணத்தில் இருந்த பெர்ஹாம்பூரில் 1894-ல் பிறந்தவர். அப்பா வக்கீல். மகனும் சட்டம் படிக்க அயர்லாந்தின் டப்ளினுக்குப் போனார். அங்கே ஐரிஷ் விடுதலைப் போராட்டக்காரர்களோடு தொடர்பு ஏற்பட்டு, 1916-ல் நாட்டை விட்டே கிளம்ப வேண்டியதாயிற்று. ஊர் திரும்பியவர் கோர்ட்டோடு நிற்கவில்லை, ரயில்வே தொழிலாளர் சங்கத்துக்குப் போனார். 1920-களின் கடைசியில் வங்காள-நாக்பூர் ரயில்வேயில் ஆட்குறைப்பு செய்யப்பட்டவர்களுக்காக நடந்த வேலைநிறுத்தத்தை முன்னின்று நடத்தினார். 1937-ல் ராஜாஜி அமைச்சரவையில் தொழிலாளர் துறை அவர் கைக்கு வந்தது.

1952-ல் டெல்லி. இங்கேதான் கதை சுவாரஸ்யமாகிறது. கிரிக்கு தீர்ப்பாயங்கள் மேல் பெரிய நம்பிக்கை இல்லை. எதற்கெடுத்தாலும் அரசு வழக்கைத் தீர்ப்பாயத்துக்கு அனுப்பினால் சங்கங்கள் பலவீனமாகிவிடும், முதலாளியும் தொழிலாளியும் நேரில் பேசித்தான் தீர்க்க வேண்டும் என்பது அவர் வாதம். கிரி அணுகுமுறை என்றே அதற்குப் பெயர் வந்தது. ஆனால் அரசு அந்த வழியில் போகவில்லை.

1953-ல் பஞ்சாலைகளில் விற்காத துணி குவிந்து, கூட்டமாக வேலை போகும் அபாயம் வந்தது. அக்டோபரில் அவசரச் சட்டம், பிறகு திருத்தச் சட்டம். 15 நாள் கணக்கு அப்படி வந்ததுதான். (ஒரு சின்ன விஷயம்: சட்டத்தில் லே-ஆஃப் என்றால் தற்காலிகமாக வேலை தராமல் வைப்பது. ஆபீஸில் நாம் லே-ஆஃப் என்று சொல்வதற்குச் சட்டப் பெயர் ஆட்குறைப்பு.)

அடுத்த வருஷமே கிரி பதவியை விட்டார். வங்கி ஊழியர் சம்பளம் பற்றிய தீர்ப்பாய முடிவை அரசு மாற்றியது அவருக்கு ஏற்கவில்லை. யாரும் வற்புறுத்தாமல் செய்த ராஜினாமா! 1969 ஜூலையில் 14 வங்கிகளை அரசுடைமையாக்கும் அவசரச் சட்டத்தில், தற்காலிகக் குடியரசுத் தலைவராகக் கையெழுத்துப் போட்டதும் இவர்தான். அந்த வருஷமே சுயேச்சையாக நின்று குடியரசுத் தலைவரானார்.

தனி ஆள் என்ன செய்வது?

தொடக்கத்தில், வேலை போன ஒருவர் வழக்குக்குப் போக சங்கமோ சக தொழிலாளர்களோ துணை நிற்க வேண்டியிருந்தது. 1965-ல் வந்த திருத்தம் தனி ஆளுக்கும் வழி திறந்தது. தண்டனைக்காக டிஸ்மிஸ் செய்தது அதிகம் என்று பட்டால் நீதிமன்றமே மாற்றி, மறுபடி வேலையில் சேர்க்கச் சொல்லலாம் என்ற அதிகாரம் 1971-ல் வந்தது. அப்போது குடியரசுத் தலைவர் கிரி.

எனக்கு இதில் உறுத்துவது ஒன்றுதான். சங்கம் பலமாக இருந்தால் கோர்ட் தேவைப்படாது என்று நம்பினார் கிரி. பெரும்பாலான ஐ.டி. ஆபீஸ்களில் இன்று சங்கமே இல்லை. கடைசியில் மிஞ்சுவது அவர் அவ்வளவாக நம்பாத தீர்ப்பாயம்தான்.

கிரி 1980 ஜூன் 24-ல் சென்னையில் காலமானார். அவர் காலத்துச் சட்டத்தின் இடத்தில் 2025 நவம்பர் 21 முதல் தொழில் உறவுகள் தொகுப்புச் சட்டம் வந்துவிட்டது. 15 நாள் கணக்கு அதிலும் இருக்கிறது. விசிட்டிங் கார்டில் மேனேஜர் என்று இருப்பதாலேயே நீங்கள் தொழிலாளி இல்லை என்று ஆகிவிடாது. உண்மையில் என்ன வேலை பார்த்தீர்கள் என்பதுதான் கணக்கு. முதலில் சமரச அதிகாரியிடம் மனு, 45 நாளில் தீராவிட்டால் நேராகத் தீர்ப்பாயம். முன்பு இதற்கு மூன்று வருஷம் அவகாசம். இப்போது வேலை போன நாளிலிருந்து இரண்டே வருஷம்.