சீனாய் மலைச் சுவடியும் திஷெண்டார்ப் பண்டிதரும்

பழைய தோற்சுவடிகளைத் தேடிக் கடலும் பாலையும் கடந்த மேனாட்டறிஞருள் கான்ஸ்டன்டீன் திஷெண்டார்ப் என்பார் முதல்வரிசையில் வைத்து எண்ணத்தக்கவர். வேதப்புத்தகத்தின் காவலர் என்று அவரைப் போற்றுவாரும் உளர்; வாங்கிய பொருளைத் திருப்பித் தராதவர் என்று தூற்றுவாரும் உளர். இருசாரார் கூற்றையும் உளங்கொண்டே அவர்தம் சரித்திரத்தை ஈண்டுச் சுருக்கி வரையப் புகுந்தனம்.

ஜெர்மனி தேசத்துச் சாக்ஸனி நாட்டில் லெங்கன்பெல்ட் என்னும் ஊரிலே, 1815-ஆம் ஆண்டு ஜனவரி 18-ஆம் நாள், ஒரு மருத்துவர்க்கு மகனாய் அவர் பிறந்தார். 1834-இல் லைப்சிக் சர்வகலாசாலையிற் சேர்ந்து இறைநூலும் மொழிநூலும் பயின்றார். அக்காலத்தில் அச்சில் வழங்கிய புதிய ஏற்பாட்டின் கிரேக்க மூலம் பெரும்பாலும் பிற்காலத்துப் பிரதிகளைத் தழுவியதாகும். பிரதி செய்தோர் கைதவறி விட்டனவும், நன்மை கருதிச் சேர்த்தனவும் அதனுட் பலவாக இருந்தன. மிகப் பழைய சுவடிகளைக் கண்டு ஒப்புநோக்கினாலன்றி ஆதிமூலத்தை அணுகுதல் இயலாது என்று இளம்பருவத்திலேயே அவர் துணிந்தார். ஏட்டுக்கு ஏடு பாடபேதம் கண்டு மயங்கும் தமிழ் மாணவராகிய நமக்கு இத்துணிவின் அருமை எளிதில் விளங்கும்.

1840-இற் பாரிஸ் நகரஞ் சென்றார். ஆங்கு ஒரு விசித்திரமான சுவடி இருந்தது. ஐந்தாம் நூற்றாண்டில் வேதவாக்கியம் எழுதப்பட்ட அத்தோலேடுகளைப் பன்னிரண்டாம் நூற்றாண்டில் ஒருவர் சுரண்டித் துடைத்து, அவற்றின்மேல் எப்பிராயீம் என்னும் சீரியப் பெரியாரின் உபதேசங்களை எழுதிவிட்டார். அழிந்த எழுத்தைப் படிக்க முயன்று பலர் கைவிட்டனர். திஷெண்டார்ப்போ கண் நோவையும் பொருட்படுத்தாது மேலெழுத்தின் அடியிற் கிடந்த கீழெழுத்தை ஒவ்வொன்றாகக் கண்டு, புதிய ஏற்பாட்டுப் பகுதியை 1843-இலும் பழைய ஏற்பாட்டுப் பகுதியை 1845-இலும் வெளியிட்டார். அவரது பெயர் ஐரோப்பா முழுவதும் பரவிற்று.

1844-இல் அவர் சீனாய் மலையடியிலுள்ள பரிசுத்த கத்தரீனாள் மடத்தை அடைந்தார். ஆறாம் நூற்றாண்டில் ஜஸ்டினியன் சக்கரவர்த்தி கட்டுவித்த கோட்டைபோன்ற மடம் அது. வருவோரைக் கயிறு கொண்டு மதில்மேலுள்ள வாயிலுக்குத் தூக்கி ஏற்றுவதே அந்நாளை வழக்கம். அம்மடத்து நூலகத்திலே, நெருப்பிலிடுவதற்கென வைத்த கூடையொன்றிற் பழைய ஏற்பாட்டின் கிரேக்க மொழிபெயர்ப்பு ஏடுகள் 129 கிடக்கக் கண்டதாகவும், அவற்றுள் 43-ஐப் பெற்றதாகவும் பின்னாளில் அவர் எழுதினார். மடத்தார் இதனை முற்றும் மறுக்கின்றனர். தோலேடு எளிதில் எரியும் பொருளன்று என்பதும், கூடைக் கதைக்கு அவர் வாய்ச்சொல்லன்றி வேறு சான்றில்லை என்பதும் நோக்கத்தக்கன. நமக்கும் அக்கதையில் ஐயமுண்டு. பெற்ற ஏடுகளைத் தம் நாட்டரசர் பெயரால் 1846-இல் அவர் பதிப்பித்தார். கிடைத்த இடத்தை மட்டும் மறைத்து வைத்தார்!

1853-இல் மறுபடியுஞ் சென்று ஏறக்குறைய வெறுங்கையராய் மீண்டார். மூன்றாம் முறை ருஷிய சக்கரவர்த்தியாகிய இரண்டாம் அலெக்ஸாந்தரின் ஆதரவு பெற்று 1859-இற் போந்தார். பெப்ரவரி 4-ஆம் நாள் மாலை, மடத்துக் காரியஸ்தர் தம் அறையிலிருந்து செந்துணியிற் பொதிந்த கட்டொன்றைக் கொணர்ந்து அவர்முன் அவிழ்த்தார். தாம் முன்பு கண்ட ஏடுகளே அல்லாமல், புதிய ஏற்பாடு முழுவதும், பர்னபாவின் நிருபமும், எர்மா இயற்றிய நூலின் ஒரு பகுதியும் அதனுள் இருந்தன. தம் மகிழ்ச்சியை வெளிக்காட்டாது கட்டினைத் தம் அறைக்கு வாங்கிச் சென்று, உறங்காமல் அவ்விரவே பர்னபாவின் நிருபத்தைப் பிரதிசெய்யத் தொடங்கினார்.

பின்னர்ச் சுவடி கெய்ரோவுக்கு வருவிக்கப்பட்டது. அச்சிடும் பொருட்டு அதனை ருஷியாவுக்குக் கொண்டுசெல்ல வேண்டி, மடத்தார் கேட்கும்போது பழுதின்றித் திருப்பித் தருவதாக 1859 செப்டம்பர் 28-ஆம் நாள் கையொப்பமிட்டுச் சீட்டெழுதிக் கொடுத்தார். 1862-இல் அழகிய நான்கு தொகுதிகளாக 300 பிரதிகள் அச்சாயின. சுவடி மட்டும் மீளவில்லை. மடத்துத் தலைமை பற்றிய வழக்குகள் நிகழ்ந்து ஓய்ந்தபின், 1869-இற் புதிய பேராயர் அதனைச் சக்கரவர்த்திக்கு நன்கொடையாக்கிப் பத்திரத்தில் ஒப்பமிட்டார். 9,000 ரூபிள் மடத்துக்குக் கிடைத்தது. சட்டப்படி இது போதுமெனலாம். ஆயினும், பொருள் அயலார் கையிற் சென்று பத்தாண்டு கழிந்தபின், வலிய அரசொன்று வேண்ட அளித்த கொடையை மனமொத்த கொடை என்று கூற நமக்கு நா எழவில்லை.

சுவடியின் மாண்போ மிகப் பெரிது. நான்காம் நூற்றாண்டில், பக்கத்துக்கு நான்கு பத்தியாக, கன்று ஆடு முதலியவற்றின் தோலில் எழுதப்பட்டது. புதிய ஏற்பாடு முழுமையுங் கொண்டு எஞ்சிய மிகப் பழைய சுவடி இதுவே. ஆனால் மாற்கு சுவிசேஷம் இதன்கண் பதினாறாம் அதிகாரத்து எட்டாம் வசனத்தோடு முடிகின்றது. விபசாரத்திற் பிடிபட்ட ஸ்திரீயின் வரலாறு யோவான் சுவிசேஷத்தில் இல்லை. ஞாயிறு பள்ளியில் நாம் மனப்பாடஞ் செய்தவை ஆதி ஏட்டில் இல்லையெனக் கேட்டபோது நமதுள்ளம் கலங்கியது உண்மை. வேதத்தை ஐயுறுவார்க்கு விடைகூறவே சுவடி தேடப் புறப்பட்டவர் திஷெண்டார்ப். அவர் நினைத்திருந்தால் இக்குறைகளை மழுப்பியிருக்கலாம். அவரோ உள்ளதை உள்ளவாறே அச்சிட்டார். கூடைக் கதையில் ஐயுறும் நாம் இந்நேர்மையை ஐயுற இடமில்லை.

கிரேக்கப் புதிய ஏற்பாட்டின் எட்டாம் பதிப்பை 1872-இல் முடித்தார். மறுவருடம் பக்கவாதத்தால் வீழ்ந்து, 1874 டிசம்பர் 7-ஆம் நாள் லைப்சிக்கில் உயிர்நீத்தார். சுவடியை ருஷியாவின் சோவியத் அரசினர் 1933-இல் ஒரு லட்சம் பவுனுக்குப் பிரிட்டிஷ் பொருட்காட்சிச்சாலைக்கு விற்றனர். இன்று 347 ஏடுகள் லண்டனிலும், 43 லைப்சிக்கிலும், சில துணுக்குகள் பீட்டர்ஸ்பர்க்கிலும் உள்ளன. 1975-இல் மடத்தின் வடமதிலையடுத்து மூடிக்கிடந்த அறையொன்றில் மேலும் சில ஏடுகள் வெளிப்பட்டன. அவை மடத்திலேயே இருக்கின்றன. திஷெண்டார்ப் கையொப்பமிட்ட அச்சீட்டையும் மடத்தார் இன்றளவும் பேணி வைத்திருக்கின்றனர்.