காலத்தைக் காத்த பொறியாளர்

அரிய செயல்களைச் செய்வோர் உலகில் பலர். அச்செயல்களின் அடையாளம் அழியாவண்ணம் பேணிக் காப்போர் மிகச் சிலரே. அச்சிலருள் ஒருவர் மெக்சிகோ நாட்டுச் சால்வடார் டோஸ்கானோ என்பார்.

இவர் 1872ஆம் ஆண்டு குவாதலஹாரா என்னும் நகரிற் பிறந்தார். பின்னர்த் தலைநகராகிய மெக்சிகோ நகரம் சென்று பொறியியல் பயின்றார். பிரான்சு நாட்டு லூமியர் உடன்பிறந்தார் அமைத்த சலனப்படக் கருவியைப் பற்றி அங்கு ஓர் அறிவியல் இதழில் படித்தார். அதன்பால் பெருவிருப்புக் கொண்டார். அக்கருவியை வரவழைத்து, 1897ஆம் ஆண்டில் மெக்சிகோ நகரிற் படக்காட்சி நடத்தத் தொடங்கினார்.

அஃது ஒரு சிறு பெட்டியே. ஆயினும், படம் பிடித்தல், படியெடுத்தல், திரையிற் காட்டுதல் ஆகிய மூன்றும் அதனால் இயன்றன. கருவியைப் போன்றே அதனை உடையவரும் பல தொழில்களில் வல்லவரானார். தாமே படம் பிடித்தார். ஊர்தோறும் சென்று காட்டினார். படத்துண்டுகளை வரிசையுற இணைக்கும் கலையிலும் தேர்ந்தார்.

1910ஆம் ஆண்டில் அந்நாட்டின் விடுதலைப் போர் தொடங்கிய நூற்றாண்டு விழா நிகழ்ந்தது. நெடுங்காலம் ஆண்ட போர்பீரியோ தியாஸ் அதனை ஆடம்பரமாக நடத்தினார். டோஸ்கானோ அக்காட்சிகளைப் படமாக்கினார். அவ்வாண்டின் இறுதியிலேயே புரட்சி மூண்டது. 1911ஆம் ஆண்டில் தியாஸ் பதவி துறந்தார். புரட்சித் தலைவர் மதேரோவின் வெற்றிப் பயணத்தையும் டோஸ்கானோ படமாக்கினார். 1913ஆம் ஆண்டில் மதேரோவும் கொல்லப்பட்டார்.

இவ்வாறு ஆட்சிகள் அடுத்தடுத்து மாறின. நேற்று மக்கள் விரும்பிக் கண்ட படம் இன்று கேட்பாரற்றுக் கிடந்தது. அக்காலப் படச்சுருளோ எளிதில் தீப்பற்றுவது, நாளடைவிற் சிதைவது. பலர் எடுத்த படங்கள் அழிந்தொழிந்தன. டோஸ்கானோவோ வீழ்ந்தவர் படமென்று ஒன்றையும் எறிந்திலர். வென்றவர் படத்தை மட்டும் போற்றினாரும் அல்லர். தாம் எடுத்தவற்றோடு பிறர் எடுத்தவற்றையும் திரட்டிக் காத்தார். பிற்காலத்தில் அரசின் பொதுப்பணிகளிற் பொறியாளராக உழைத்தபோதும் அச்செல்வத்தைக் கைவிட்டாரல்லர்.

அவர் 1947ஆம் ஆண்டு மறைந்தார். அவர்தம் மகளார் கார்மென் அப்படச்சுருள்களைத் தொகுத்து இணைத்து, ‘ஒரு மெக்சிகரின் நினைவுகள்’ என்னும் பொருள்பட்ட பெயருடன் 1950ஆம் ஆண்டில் வெளியிட்டார். தந்தையார் காணாத அப்படத்தில் தியாசின் விழாவும் மதேரோவின் பயணமும் இன்றும் ஒருங்கே காட்சி தருகின்றன.

மாணவர்களே! ஒரு நாட்டின் வரலாறு வென்றவரால் மட்டும் ஆவதன்று. இன்று எவரும் வேண்டாத ஒன்றை நாளை வருவோர்க்கெனக் காத்துவைப்பதும் நாட்டுத் தொண்டேயாகும்.