வக்கீல் வேலையை விட்டார்... 15 வருடம் தன் ஹீரோவையும் மறந்தார்! யார் இந்த சரதிந்து பந்தோபாத்யாய்?

2015-ல் சுஷாந்த் சிங் ராஜ்புத் நடித்து வந்த 'டிடெக்டிவ் ப்யோம்கேஷ் பக்‌ஷி' படத்தை நீங்கள் பார்த்திருக்கலாம். வீட்டில் பெரியவர்களைக் கேட்டால், 1993-ல் தூர்தர்ஷனில் ரஜித் கபூர் நடித்த ப்யோம்கேஷ் தொடரைச் சொல்வார்கள். அந்தத் துப்பறிவாளரை உருவாக்கியவர் பெயர் கேட்டால்தான் பலருக்கும் தெரியாது.

அவர் சரதிந்து பந்தோபாத்யாய். முதலில் வக்கீல். அப்புறம் இந்தி சினிமாவின் திரைக்கதை ஆசிரியர். கடைசியில் குழந்தைகளும் பெரியவர்களும் போட்டி போட்டுப் படித்த வங்காள எழுத்தாளர். வேலையை மாற்றலாமா, வேண்டாமா என்று யோசித்துக்கொண்டே இருப்பவர்களுக்கு இவர் கதை கொஞ்சம் நெருக்கமாகவே இருக்கும்.

அப்பாவும் வக்கீல், பிள்ளையும் வக்கீல்

1899 மார்ச் 30-ல் உத்தரப் பிரதேசத்தின் ஜோன்பூரில் பிறந்தார். குடும்பம் இருந்தது பீகாரின் முங்கேரில். அப்பா அங்கே வக்கீல். படிக்கக் கல்கத்தா போன மகன், கல்லூரி நாட்களிலேயே ஒரு கவிதைத் தொகுப்பு போட்டுவிட்டார். ஆனால் கவிதை சோறு போடாதே! பாட்னாவில் சட்டம் படித்து, முங்கேரில் கறுப்புக் கோட்டு மாட்டினார்.

அப்பாவின் தொழில், தெரிந்த ஊர், தயாராக இருந்த கட்சிக்காரர்கள். செட்டில் ஆக வேறென்ன வேண்டும்? சரதிந்துவுக்கு மனசு ஒட்டவில்லை. சில வருடங்களிலேயே வக்கீல் தொழிலை விட்டுவிட்டு, முழுநேரமாக எழுத உட்கார்ந்துவிட்டார்.

மெஸ்ஸில் பிறந்த ஹீரோ

கல்கத்தாவில் படித்தபோது சரதிந்து தங்கியது ஹாரிசன் ரோட்டில் ஒரு மெஸ்ஸில். மெஸ் என்றால் சாப்பாட்டுக் கடை இல்லை. நம்ம ஊர் மேன்ஷன் மாதிரி, பேச்சுலர்கள் சேர்ந்து தங்கும் இடம். 1932-ல் ப்யோம்கேஷ் பக்‌ஷியை எழுத ஆரம்பித்தபோது, அவரையும் அதே ஹாரிசன் ரோட்டில்தான் குடிவைத்தார்.

அப்போது வங்காளத்தில் துப்பறியும் கதை என்றால் இலக்கியக்காரர்கள் மூக்கைச் சுளிப்பார்கள். வெள்ளைக்காரக் கதைகளை அப்படியே பெயர் மாற்றி எழுதுவதும் சகஜம். ப்யோம்கேஷ் வேறு ரகம். வேட்டி கட்டிய சாதாரண வங்காளி. 'டிடெக்டிவ்' என்ற சொல்லே அவருக்கு ஆகாது. தன்னை 'சத்யான்வேஷி', அதாவது உண்மையைத் தேடுபவன் என்றே சொல்லிக்கொள்வார். ஒரு வழக்கில் சந்தித்த சத்யவதியைக் காதலித்துக் கல்யாணம் செய்துகொள்கிறார். குழந்தை பிறக்கிறது, வயதும் ஏறுகிறது.

கதைகள் ஹிட். நாலைந்து வருடங்களில் 10 கதைகள் வந்துவிட்டன. அதோடு நிறுத்திவிட்டார் சரதிந்து! வாசகர்களுக்குச் சலித்திருக்கும் என்று அவராகவே நினைத்துக்கொண்டார்.

பம்பாய் அழைத்தது

1938-ல் வந்தது அடுத்த திருப்பம். ஹிமான்ஷு ராயும் தேவிகா ராணியும் நடத்திய 'பாம்பே டாக்கீஸ்' அப்போது நாட்டின் பெரிய ஸ்டூடியோக்களில் ஒன்று. நடிகர் முதல் டெக்னீஷியன் வரை மாதச் சம்பளம். அங்கே கதை எழுத சரதிந்துவுக்கு அழைப்பு வர, குடும்பத்தோடு பம்பாய்க்கு ரயில் ஏறினார். 'பாபி', 'துர்கா' போன்ற படங்கள் அவர் பங்களிப்பில் வந்தவை.

40-ஐத் தொடும் வயதில் புது ஊர், புது மொழி, புதுத் தொழில். அதற்கு ஒரு விலையும் இருந்தது. அந்த பம்பாய் வருடங்களில் அவர் ப்யோம்கேஷைத் தொடவே இல்லை. முந்தைய கதைகளோடு கணக்குப் போட்டால் கிட்டத்தட்ட 15 வருட இடைவெளி. ஒரு எழுத்தாளருக்கு 15 வருடம் என்பது மொத்த கரியரே முடிந்துபோகும் காலம்.

திரும்பக் கூப்பிட்டது யார்?

ஒருமுறை கல்கத்தா போனபோதுதான் அவருக்கு விஷயம் புரிந்தது. ப்யோம்கேஷ் ஏன் வருவதில்லை என்று கேட்டவர்கள் சின்ன வயசுப் பிள்ளைகள். தான் எழுதுவதை நிறுத்திய பிறகு வளர்ந்த தலைமுறையும் தன் ஹீரோவைத் தேடுகிறது என்று தெரிந்ததும் மறுபடி பேனாவை எடுத்தார்.

1951-ல் வந்த 'சித்ரசோர்' கதையில், நோயிலிருந்து தேறி, ஓய்வுக்காக வெளியூர் வந்தவராகத் திரும்புகிறார் ப்யோம்கேஷ். அடுத்த வருடமே சினிமாவுக்கு முழுக்குப் போட்டுவிட்டு, எழுதுவதற்காகவே புனேயில் குடியேறினார் சரதிந்து.

முழுமையான ப்யோம்கேஷ் கதைகள் மொத்தம் 32. அதில் 22 கதைகள் இந்த இடைவெளிக்குப் பிறகு, அதாவது 50 வயது தாண்டி எழுதியவை! சத்யஜித் ரே, உத்தம் குமாரை வைத்து 1967-ல் எடுத்த 'சிரியாகானா'வும் அப்படி வந்த கதைதான். அந்தப் படத்துக்கு ரேவுக்குச் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருது கிடைத்தது.

சிவாஜி படையில் ஒரு பையன்

சினிமாவுக்காகப் போன மகாராஷ்டிரா அவருக்கு இன்னொரு ஹீரோவையும் கொடுத்தது. பெயர் சதாசிவ். சத்ரபதி சிவாஜியின் படையில் சேரும் கிராமத்துச் சிறுவன். உடம்பு பலத்தைவிட மூளையை நம்பும் இந்தப் பையனின் சாகசங்களை வங்காளக் குழந்தைகளுக்காக எழுதினார். பிற்காலத்தில் அவை காமிக்ஸாகவும் வந்தன. பம்பாய் ரயிலில் ஏறாமல் இருந்திருந்தால், இந்தச் சதாசிவ் பிறந்திருப்பானா என்பது சந்தேகம்தான்.

பெரியவர்களுக்கு எழுதிய சரித்திர நாவல்களும் சும்மா இல்லை. விஜயநகரப் பேரரசர் இரண்டாம் தேவராயர் காலத்தில் நடக்கும் 'துங்கபத்ரார் தீரே' நாவலுக்கு 1967-ல் ரவீந்திர புரஸ்கார் கிடைத்தது.

முடியாத கடைசி வழக்கு

1970 செப்டம்பர் 22-ல் சரதிந்து காலமானார். அப்போது மேஜையில் 33-வது ப்யோம்கேஷ் கதை பாதியில் நின்றிருந்தது. நாடக மேடையில் நடக்கும் ஒரு கொலை. கொலையாளி யார் என்று சொல்வதற்குள் அவர் போய்விட்டார்.

அப்பா காட்டிய கோர்ட்டை விட்டார், சம்பளம் கொடுத்த சினிமாவையும் விட்டார். முடிந்துவிட்டது என்று நினைத்து விட்ட ப்யோம்கேஷிடம் மட்டும் அவரே திரும்பி வந்தார், அதுவும் 52 வயதில்.