குரல் ஒருத்தருது, முகம் ஒருத்தருது

யாரோ பாடின பாட்டுக்கு வாயசைச்சு நீங்களும் ஒரு ரீல்ஸாவது போட்டிருப்பீங்க. அந்த வேலையைத் தமிழ் சினிமால ஆரம்பிச்சு வெச்சவர் யாருன்னு தெரியுமா? வடபழனில உருண்டை சுத்துற ஸ்டூடியோவுக்குச் சொந்தக்காரர், ஏ.வி.மெய்யப்பன்.

1907-ல் காரைக்குடியில் பிறந்தவர். அப்பா கடையில் கிராமபோன் ரெக்கார்டு விற்றார்கள். பிறகு சென்னையில் கூட்டாளிகளோடு சேர்ந்து சரஸ்வதி ஸ்டோர்ஸ் மூலமாக ரெக்கார்டு வெளியிட்டார். காதுதான் அவருக்கு முதல். அந்தத் தைரியத்தில் படம் எடுக்கப் போனார். 1935-ல் கல்கத்தா வரைக்கும் போய் எடுத்த 'அல்லி அர்ஜுனா' படுத்துவிட்டது. அடுத்து வந்த 'ரத்னாவளி'யும் அதே கதி. நாமளா இருந்தா கடைக்கே திரும்பியிருப்போம்!

அப்போ நடிக்கிறவங்களே பாடணும். கேமரா ஓட ஓடப் பாட்டும் பதிவாகும். வாத்தியக்காரர்கள் ஃப்ரேமுக்கு வெளியே ஒளிஞ்சு உட்கார்ந்து வாசிப்பாங்க. அதனால நல்லாப் பாடுறவங்களுக்குத்தான் வாய்ப்பு. 1938-ல் 'நந்தகுமார்' படத்தில் ஒரு நடிகையின் பாட்டு மெய்யப்பனுக்குப் பிடிக்கவில்லை. லலிதா வெங்கட்ராமன் என்பவரைப் பாடவைத்து அந்தக் குரலைச் சேர்த்தார். தமிழில் பின்னணிப் பாட்டு இங்கேதான் தொடங்கியது என்கிறார்கள் சினிமா வரலாறு எழுதியவர்கள்.

குரலைத் தனியாகக் கழற்றி மாட்டலாம் என்று தெரிந்த பிறகு மனுஷன் சும்மா இருப்பாரா? 'ஹரிச்சந்திரா' என்ற தன் கன்னடப் படத்துக்குத் தமிழ் வசனம் பேசவைத்து 1944-ல் இங்கே வெளியிட்டார். டப்பிங் படம் அப்படி வந்தது.

1945-ல் 'ஸ்ரீவள்ளி'. வள்ளியாக நடித்த ருக்மிணி தானே பாடி முடித்திருந்தார். மெய்யப்பனுக்குத் திருப்தியில்லை. அந்தப் பாட்டுகளை எடுத்துவிட்டு பி.ஏ.பெரியநாயகியைப் பாடவைத்தார். யோசிச்சுப் பாருங்க: உதடு ஏற்கெனவே அசைஞ்சு முடிஞ்சாச்சு, நொடிக்கு 24 ஃப்ரேம். அந்த அசைவுக்குள்ள இன்னொருத்தர் குரல் போய் உட்காரணும். நம்மகிட்ட இருக்கிற எடிட்டிங் சாஃப்ட்வேர் எதுவும் அவங்ககிட்ட இல்ல. படம் பெரிய வெற்றி. ஆனா ருக்மிணிக்கு எப்படி இருந்திருக்கும்னும் எனக்குத் தோணும்.

பிறகு காரைக்குடியில் கொட்டகை போட்டு எடுத்த 'நாம் இருவர்' 1947-ல் வந்தது. அதில் பாரதியார் பாட்டுகள். அவற்றின் ஒலிப்பதிவு உரிமையையே விலைக்கு வாங்கி வைத்திருந்தார். டி.கே.எஸ். சகோதரர்கள் தங்கள் படத்தில் பாரதி பாட்டு ஒன்றைச் சேர்த்தபோது வழக்கும் போட்டார். பாரதி பாட்டுக்குத் தனியார் சொந்தம் கொண்டாடுவதா என்று எதிர்ப்பு கிளம்பியது. கடைசியில் 1949-ல் காசு வாங்காமலே உரிமையை அரசுக்குக் கொடுத்துவிட்டார்.

1979-ல் இறக்கும்வரை திரைக்குப் பின்னாலேயே இருந்தார். நம்ம காலேஜ் தமிழ் மன்ற விழாவுல பாரதி பாட்டு பாட நீங்க யார்கிட்டயும் அனுமதி கேட்கல, இல்லையா?