வாடிவாசல் தந்த சி. சு. செல்லப்பா

கொழும்பில் வாழும் நமக்குக் காளை என்றதும் நினைவுக்கு வருவது கோயில் வாசலில் அமர்ந்திருக்கும் நந்தியும், முன்னாளில் ஆடிவேல் தேரிலே பூட்டிய மாடுகளுந்தான். மதுரைச் சீமையிலோ ஊர்த் தெய்வத்தின் திருவிழாவும் காளையின் சீற்றமும் ஒன்றோடொன்று பிணைந்தவை. அந்தச் சீற்றத்தைத் தமிழில் அழியாமல் எழுதி வைத்தவர் சி. சு. செல்லப்பா.

1912 செப்டெம்பர் 29இல் பிறந்தவர். சின்னமனூர் தந்தையார் ஊர், வளர்ந்தது வத்தலக்குண்டில். காந்தியடிகளின் வழியில் நின்று 1941இல் தனிநபர் சத்தியாக்கிரகத்தில் சிறை சென்றார். மணிக்கொடி சஞ்சிகையில் சிறுகதைகள் எழுதிப் பெயர் பெற்றார்.

அகிம்சையை நம்பிய ஒருவருக்கு இரத்தம் சிந்தும் ஜல்லிக்கட்டில் இத்தனை மோகம் ஏன் என்று கேட்கத் தோன்றும். விடை அவரது வாடிவாசல் என்னும் குறுநாவலிலேயே இருக்கிறது. தந்தையைக் குத்திக் கொன்ற ஜமீன்தாரின் காரிக் காளையை அணைய வருகிறான் பிச்சி. துணைக்கு மச்சான் மருதன். கதை முழுவதும் ஒரு பிற்பகலுக்குள் முடிகிறது. பிச்சி வெல்கிறான், தோற்ற காளையை ஜமீன்தார் சுட்டு விடுகிறார். மனிதனுக்கு அது விளையாட்டு, வீரம், மானம். காளைக்கோ அது விளையாட்டென்று தெரியாது. இந்த வேறுபாட்டைச் செல்லப்பா ஒரு கணமும் மறக்கவில்லை. காளைமேல் இரக்கம், பிச்சிமேல் பெருமிதம் இரண்டையும் ஒன்றாக வைத்திருக்கிறார். ஸ்பெயின் நாட்டுக் காளைப் போரை வியந்து எழுதிய அமெரிக்கர் ஹெமிங்வேயுடன் அவரை ஒப்பிடுவோர் உண்டு. ஆனால் அங்கே வாள் இருக்கிறது, காளையின் சாவு முன்கூட்டியே முடிவானது. இங்கே திமிலைப் பற்றும் வெறுங்கை மட்டுமே.

அவரது வாழ்வும் திமிலை விடாத பிடிதான். 1959 சனவரியில் சென்னை திருவல்லிக்கேணி பிள்ளையார் கோயில் தெருவிலிருந்து எழுத்து என்ற சஞ்சிகையைத் தொடங்கினார். கைப்பொருள் கரைந்தும் 1970 வரை 119 இதழ்கள் வந்தன. நூல்களைத் தாமே சுமந்து கல்லூரி கல்லூரியாகச் சென்று விற்றார். நம் திருகோணமலை தந்த தருமு சிவராமுவுக்கு, பின்னாளில் பிரமிள் என்று பெயர் பெற்றவருக்கு, இடம் கொடுத்து வளர்த்தது எழுத்துதான். ஈழத்தவர் நாம் இதற்காகவேனும் அவரை நினைக்க வேண்டும். 1962இல் அவர் தொகுத்த புதுக்குரல்கள் தமிழில் புதுக்கவிதைக்கு முதல் தொகுப்பாயிற்று.

முதுமையிலும் ஓயவில்லை. சுதந்திரப் போராட்டத்தை வைத்துச் சுதந்திர தாகம் என்ற மூன்று பாகப் பெரு நாவலைத் தாமே பதிப்பித்தார். 1998 டிசெம்பர் 18இல் காலமானார். அதன்பின் 2001இல்தான் அந்நாவலுக்குச் சாகித்திய அக்கடமி விருது வந்தது.

2017 தை மாதத்தில் ஜல்லிக்கட்டுத் தடையை நீக்கக் கோரி மெரினாவில் இளைஞர்கள் திரண்டார்கள். எழுத்து வெளிவந்த பிள்ளையார் கோயில் தெருவிலிருந்து அந்தக் கடற்கரை நடை தூரம்.